சினை மானுக்கு ஒரு ரூல் இருந்தது

ஈரக் களிமண்ணில் ஒரு குளம்படி. அதன்மேல் குனிந்து இரண்டு விரல்களை வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார் கன்னியப்பன். முந்தின நாள் மழையில் வெள்ளைத்திடல் முழுக்க ஊறிக் கிடந்தது. கோரைப்புல் வாசனை மூக்கில் ஏறியது. என் புதுச் செருப்பு ஒவ்வோர் அடிக்கும் ஒரு கை மண்ணைத் தூக்கிக்கொண்டு வந்தது.

"இது சினை சாமி" என்றார்.

மாட்டு டாக்டர் நாயுடு மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு தானும் குனிந்தார். அவருக்குத் தெரிந்தது மண் மட்டும்தான்.

"எப்படிடா சொல்றே?"

"முன்னங்கால் வெச்ச எடத்துக்கு வெளியால பின்னங்கால் உழுந்திருக்குது பாருங்க. வயிறு பெருத்துப் போச்சின்னா அகட்டி அகட்டித்தான் நடக்கும். எங்க ஊட்டுக்காரிகூட இப்போ அப்பிடித்தான் நடந்துக்கினு கீறா. ஒம்போது மாசம்."

நாயுடு சிரித்தார். நான் சிரிக்கவில்லை. கன்னியப்பனின் மனைவி பதினைந்து நாளில் வீட்டைக் காலி செய்ய வேண்டும் என்ற தாள் என் தோள்பையில் இருந்தது. தாசில்தார் கையெழுத்து. வாசகமும் எழுத்தும் என்னுடையவை.

ஒரு வாசகரின் கேள்வி

இரண்டு இதழ்களுக்கு முன் ஜமாபந்தி பற்றி எழுதியதைப் படித்துவிட்டு, திருவாலங்காட்டிலிருந்து ஒரு வாசகர் கார்டு போட்டிருக்கிறார். "மற்றவர்கள் செய்த தவறுகளையே எழுதுகிறீர்கள். தாங்கள் தவறே செய்ததில்லையா?" என்று கேட்டிருக்கிறார். நியாயமான கேள்வி. அவருக்கான பதில்தான் இந்த வாரம்.

கன்னியப்பனை இப்போது 'அவர்' என்று எழுதுகிறேன். அன்று 'நீ, வா, போ' என்றுதான் பேசினேன். எனக்கு இருபத்து மூன்று வயது, அவருக்கு முப்பதுக்கு மேல். அவர் இருளர், நான் சர்க்கார் குமாஸ்தா. அதனால் அவர் என்னைச் சாமி என்றார். நாற்பது வருஷம் கழித்துச் செய்கிற திருத்தம் இது. அலுவலகக் கோப்பாக இருந்தால் காலாவதியாகிவிட்டது என்று திருப்பி அனுப்பியிருப்பார்கள்.

யாரை எங்கே அனுப்புவது

ஆந்திரா பிரிந்துபோன புதிது. சுவரில் மாட்டியிருந்த வரைபடங்களில் எல்லைக்கோட்டைத் திருத்தவே பொன்னேரி தாலுகா அலுவலகத்தில் ஒரு ஆள் தனியாக உட்கார்ந்திருந்தார். என்னிடம் இதர இனங்கள் பிரிவு. எந்தப் பிரிவிலும் சேராத காகிதமெல்லாம் அங்கே வந்து சேரும். மான் வந்ததும் அப்படித்தான்.

வெள்ளைத்திடல் பொன்னேரிக்கு மேற்கே ஒரு மேய்க்கால் புறம்போக்கு. சுற்றிலும் நெல்வயல், நடுவில் மொட்டைப் புல்வெளி. அதில் ஒரு மந்தை வெளிமான் இருந்தது. ஆண் மானுக்கு முறுக்கிய கொம்பு, கறுத்த முதுகு. பெண் மானும் குட்டிகளும் வைக்கோல் நிறம். சாலையிலிருந்து பார்த்தால் புல்லே எழுந்து நடப்பது போல இருக்கும்.

அதே வாரத்தில் இரண்டு மனுக்கள் வந்தன. முதலாவது பட்டணத்துப் பெரிய மனிதர்கள் எழுதியது. யுத்தம் முடிந்து மலிவாகக் கிடைத்த ஜீப்புகளில் சிலர் வந்து மான்களைச் சுட்டுத் தள்ளுகிறார்கள், இப்படியே போனால் இனமே மிஞ்சாது, காப்பாற்றுங்கள் என்றது. இரண்டாவது திடலைச் சுற்றியிருந்த நெல் மிராசுகள் எழுதியது. மான்கள் நாற்றங்காலை மேய்ந்துவிடுகின்றன, எங்களைக் காப்பாற்றுங்கள் என்றது.

இரண்டு மனுக்களையும் ஒரே உத்தரவில் முடித்து வைக்கிற வாய்ப்பு அரசாங்கத்துக்கு அடிக்கடி கிடைப்பதில்லை. மந்தையைப் பிடித்து, கும்மிடிப்பூண்டிக்குக் கிழக்கே ஈச்சமேட்டுக் காட்டில் விட்டுவிடுவது என்று முடிவாயிற்று. அது ஈச்சையும் முள்ளும் அடர்ந்த காடு. ஜீப் போகாது. நெல்லும் கிடையாது. காகிதத்தில் பார்த்தால் மான்களுக்காகவே படைக்கப்பட்ட இடம்.

பிடிப்பது யார் என்பதுதான் மிச்சமிருந்த கேள்வி. துப்பாக்கியோடு மானை நெருங்கத் தெரிந்தவர்கள் நிறைய இருந்தார்கள். உயிரோடு பிடிக்கத் தெரிந்தவர்கள், முயலுக்கு வலை கட்டுகிற இருளர்கள் மட்டும்தான். அந்த வட்டாரத்தில் வலை கட்டுவதில் பேர் போன இருளர்கள் குடிசை போட்டிருந்த இடம் ஈச்சமேடு.

தங்கள் வீட்டுக்குக் குடிவரப் போகிற மானைப் பிடிக்க அவர்களையே தினக்கூலிக்கு அமர்த்தினோம். மான் எங்கே போகிறது என்று அவர்களிடம் யாரும் சொல்லவில்லை. சொல்ல வேண்டும் என்று எந்தச் சுற்றறிக்கையிலும் இல்லை.

ஏழாவது கட்டம்

மானை விடுவதற்கு முன் இடத்தைப் பார்வையிட்டு ஒரு படிவம் நிரப்ப வேண்டும். அதற்காக ஈச்சமேட்டுக்குப் போனேன்.

பதினோரு குடிசைகள். ஈச்ச ஓலைக் கூரை, குனிந்துதான் நுழைய முடியும். ஒரு குடிசை வாசலில் வயிற்றைத் தாங்கிக்கொண்டு ஒரு பெண் கிழங்கு வேகவைத்துக்கொண்டிருந்தார். கன்னியப்பனின் மனைவி எல்லம்மா. எனக்கு உட்கார ஒரு சாக்கை விரித்தார். இரண்டு கிழங்கை இலையில் வைத்து நீட்டினார். புகை வாசனையோடு, லேசாகத் தித்திப்பாக, நெஞ்சை அடைக்கிற மாதிரி இருந்தது. தண்ணீரும் கொடுத்தார். மண்சட்டித் தண்ணீர்.

அதே சாக்கில் உட்கார்ந்து, கிழங்கு ஒட்டிய விரலைத் துடைத்துக்கொண்டு படிவத்தை நிரப்பினேன். ஒன்று, கிராமத்தின் பெயர். இரண்டு, பரப்பு. நீர்நிலை, மரங்கள், மேயும் கால்நடைகள், நாய்கள். ஏழாவது கட்டம், குடியிருப்போர்.

'இல்லை' என்று எழுதினேன்.

நான் குருடனில்லை. படிவத்தின் பின்பக்கத்தில் பொடி எழுத்தில் ஒரு குறிப்பு இருந்தது. குடியிருப்போர் என்றால் பட்டா உள்ளவர் என்று பொருள் கொள்க. பட்டா இல்லாதவர் புறம்போக்கில் ஆக்கிரமிப்பாளர். ஆக்கிரமிப்பாளருக்கு பி மெமோ கொடுத்து வெளியேற்ற வேண்டும். பட்டப்படிப்பு படித்தவன் என்பதால் குறிப்பையும் படித்தேன். படிக்காத குமாஸ்தாவாக இருந்திருந்தால் கண்ணால் பார்த்ததை எழுதித் தொலைத்திருப்பான்.

நான் புறப்படும்போது எல்லம்மா கேட்டார்: "இன்னா சாமி எழுதினீங்க?"

"காட்டைப் பத்தி" என்றேன்.

பயத்தில் செத்த மான்

முதல் நாள் வலையில் ஓர் ஆண் மான் விழுந்தது. காயம் இல்லை, ரத்தம் இல்லை. கன்னியப்பன் ஓடி வந்து தன் தலைத்துண்டை அவிழ்த்து அதன் கண்ணை மூடுவதற்குள், எங்கள் ஆட்கள் ஏழெட்டுப் பேர் வேடிக்கை பார்க்கச் சுற்றிக்கொண்டார்கள். மான் எங்களைப் பார்த்தது. விலா இரண்டு முறை உதறியது. அப்புறம் அசையவில்லை.

கன்னியப்பன் அதன் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டார். நாங்கள் எல்லோரும் விலகின பிறகும் கண்ணை மூடின துண்டை எடுக்கவில்லை.

"மரணக் காரணம் எழுதணும், டாக்டர்" என்றேன் நாயுடுவிடம்.

"பயம்" என்றார்.

"பயம்னு எழுத முடியாதே."

"அப்ப நீயே ஏதாவது எழுது நைனா. எனக்குத் தெரிஞ்சது அதான்."

இருதயக் கோளாறு என்று எழுதினேன். பட்டணத்திலிருந்து பத்து நாளில் விதிமுறை அச்சடித்து வந்தது. பிடித்த உடனே கண்ணைக் கட்ட வேண்டும். காலை வேளையில்தான் பிடிக்க வேண்டும். கூட்டம் கூடக் கூடாது. வண்டியில் முழங்கால் உயரத்துக்கு வைக்கோல் பரப்ப வேண்டும். வழியில் நிறுத்தி இளைப்பாற விட வேண்டும், தண்ணீர் காட்ட வேண்டும். தாயையும் குட்டியையும் பிரிக்கக் கூடாது. சினை மானைப் பிடிக்கவே கூடாது. மந்தையில் சினை இருந்தால், அது குட்டி போட்டு, குட்டி நடக்கிற வரைக்கும் வேலையை நிறுத்தி வைக்க வேண்டும்.

நல்ல விதிமுறை. என் சர்வீஸில் நான் பார்த்தவற்றில் மனசோடு எழுதப்பட்டது அது ஒன்றுதான் என்று இன்றைக்கும் சொல்வேன்.

திடலில் ஒரு கேள்வி

இனி அந்த ஈரக் களிமண்ணுக்கு வருகிறேன்.

நாயுடு சிரித்து முடித்ததும், நான் விதிமுறைத் தாளை எடுத்துச் சினை மான் பற்றிய பகுதியைத் தமிழில் படித்துக் காட்டினேன். வலைக்காரர்கள் தெரிந்துகொள்ள வேண்டும் என்று தாளிலேயே போட்டிருந்தது. கன்னியப்பன் தலையைச் சாய்த்து முழுக்கக் கேட்டார்.

"நல்ல ரூலு சாமி. இது மானுக்கு மட்டும்தானா?"

நான் தாளை மடித்துப் பைக்குள் வைத்தேன்.

"தலையாரி சொல்லிக்கினு இருந்தாரு. மானை எங்க ஈச்சமேட்டுலதான் உடப் போறீங்களாம். எங்களைத் தொரத்திட்டு. மெய்தானா?"

மனைவி நடக்கிற நடையை அவர் ஏன் பேச்சில் இழுத்தார் என்று அப்போதுதான் புரிந்தது. வார்த்தையை வீணாக்குகிற ஆள் இல்லை அவர்.

"உத்தரவு வந்திருக்கு" என்றேன்.

"எப்போ போவணும்?"

"பதினஞ்சு நாள்."

"அதுக்குள்ள புள்ளை பொறந்துடும், இல்ல பொறக்கிற நேரமா இருக்கும். வழியில எங்கனா மரத்தடியில பெத்துக்கினா, போன தபா மாதிரி ஆயிடும் சாமி." குளம்படியின் ஓரத்தை விரலால் தடவினார். "போன தபா விறகுக்குப் போன எடத்துல வலி கண்டு புள்ளை தங்கலை."

நாயுடு மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மறுபடியும் துடைக்க ஆரம்பித்தார். துடைக்க அதில் ஒன்றும் இல்லை.

"டாக்டர், மந்தையில சினை மான் இருக்குன்னு ஒரு சான்று வேணும்" என்றேன்.

"நைனா, நான் மாட்டு டாக்டரு. மாட்டு வயித்துல கையை உட்டுப் பார்த்துச் சொல்லுவேன். மண்ணைப் பார்த்து எப்படிய்யா கையெழுத்துப் போடறது?"

"வாங்க சாமி, காட்டறேன்" என்றார் கன்னியப்பன்.

தடத்தைப் பிடித்துக்கொண்டு முன்னால் போனார். நாங்கள் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு பின்னால் போனோம். திடலின் மேற்கு ஓரம், ஒரு கோரைத் திட்டுக்குப் பின்னால் உட்காரச் சொன்னார். வெகுநேரம் உட்கார்ந்தோம். வேட்டியெல்லாம் ஈரம். பிறகு அந்தப் பெண் மான் எழுந்து பக்கவாட்டில் திரும்பியது. வயிறு கீழே இறங்கித் தொங்கியது. தள்ளி இன்னொன்று. அதற்கும் அப்படியே. பின்கால்களை அகட்டி வைத்து, ஒவ்வோர் அடியையும் யோசித்து வைப்பது போல நடந்தன.

நாயுடு என்னைத் திரும்பி நிற்கச் சொன்னார். என் முதுகையே மேசையாக்கிச் சான்றில் கையெழுத்துப் போட்டார். எத்தனை சினை என்ற இடத்தில் 'சில' என்று எழுதினார். சில என்பது அரசாங்கத்தில் மிகவும் கண்ணியமான எண். யாரும் அதைக் கூட்டிப் பார்ப்பதில்லை.

கட்டுக்கட்டாகத் தேடியது

பையில் இருந்த பி மெமோவைக் கொடுக்காமலே திரும்பினேன். அலுவலகத்தில் இருந்த விதித் தொகுப்புகள் எல்லாவற்றையும் இரண்டு நாள் புரட்டினேன். பவுண்டுப் பட்டியில் அடைத்த மாட்டுக்கு எத்தனை வேளை தண்ணீர் என்று இருந்தது. புறம்போக்கில் நிற்கும் பனைமரத்துக்கு எந்தப் பக்கம் எண் வெட்ட வேண்டும் என்று இருந்தது. பூமியில் புதையல் கிடைத்தால் யார் முன்னிலையில் தோண்ட வேண்டும் என்று இருந்தது. காலி செய்யச் சொன்ன குடிசையில் நிறைமாதக்காரி இருந்தால் என்ன செய்வது என்று எங்கும் இல்லை.

இருக்கிற ரூலை வைத்துத்தான் சமைக்க வேண்டும். மூன்று வரியில் குறிப்பு எழுதினேன். சினை மான்கள் இருப்பதால் பிடிக்கும் பணி நிறுத்தப்படுகிறது. ஆகவே விடும் தேதி நிச்சயமில்லை. ஈச்சமேட்டைக் காலி செய்வது மான் விடுவதற்காகத்தான் என்பதால், தேதி நிச்சயமாகும் வரை பி மெமோவையும் நிறுத்தி வைக்கலாம்.

தாசில்தார் ஒரு தடவைக்கு இரண்டு தடவை படித்தார். பொடி போடுகிறவர். டப்பியைத் தட்டிக்கொண்டே கேட்டார்.

"பிடிக்காத மானைச் சினைன்னு டாக்டர் எப்படிச் சொன்னார்?"

"தடத்தைப் பார்த்து, பிறகு நேரிலும் பார்த்து, சார்."

"தடம் பார்க்க அவருக்குத் தெரியுமா?"

"கன்னியப்பன்னு ஒரு வலைக்காரன் காட்டினான் சார்."

"எந்த ஊர்க்காரன்?"

"ஈச்சமேடு, சார்."

கோப்பைப் பின்னோக்கிப் புரட்டினார். என் படிவத்தில் விரல் நின்றது.

"ஈச்சமேட்டில் குடியிருப்போர் இல்லைன்னு எழுதியிருக்கீரே. அப்போ இந்த ஆசாமி மரத்திலேருந்து குதிச்சானா?"

அவர் ஒரு சிட்டிகை பொடியை இழுத்து, தும்மி, குறிப்பின் கீழே சுருக்கொப்பம் போட்டார். "மான் குட்டி போட்டதும் சொல்லும்" என்று கோப்பைத் தள்ளிவிட்டார்.

அவர் கேட்ட கேள்விதான் வழியைக் காட்டியது. ஆள் இருப்பதற்கு அத்தாட்சி என்ன என்று அன்றைக்கு முழுக்க யோசித்தேன்.

மணியக்காரர் நோட்டு

எல்லம்மாவுக்கு ஒரு வெள்ளிக்கிழமை காலை, வெயில் ஏறுகிற வேளையில், தன் குடிசையில், தன் பாயில், பெண் குழந்தை பிறந்தது. தாயும் பிள்ளையும் சுகம். கன்னியப்பன் அதைச் சொல்ல ஈச்சமேட்டிலிருந்து பொன்னேரிக்கு நடந்தே வந்திருந்தார். வந்த காலோடு அவரைக் கும்மிடிப்பூண்டி பஸ்ஸில் ஏற்றி, கிராம மணியக்காரர் வீட்டுக்கு அழைத்துப் போனேன். பிறப்பு இறப்புக் கணக்கு அவரிடம்தான்.

"இருளப் பசங்க பொறந்தது செத்ததெல்லாம் எந்தக் காலத்துலய்யா எழுதினோம்?" என்றார் மணியக்காரர். "நோட்டு தாங்காது."

"எழுதாம விட்டா எந்தப் பிரிவுல நடவடிக்கைன்னு சொல்லட்டுங்களா?"

அவர் நோட்டை எடுத்தார். தகப்பன் பெயர், தாய் பெயர். பிறந்த இடம் என்ற கட்டத்தில் ஈச்சமேடு என்று அவர் எழுதி முடிக்கிற வரைக்கும் நான் பேனாவையே பார்த்துக்கொண்டிருந்தேன். மசி காய்வதற்குள் ஒரு நகலும் வாங்கிக்கொண்டேன்.

அரசாங்கத்தின் ஒரு நோட்டு ஈச்சமேட்டில் யாருமே இல்லை என்கிறது. இன்னொரு நோட்டு அங்கே ஒரு குழந்தை பிறந்திருக்கிறது என்கிறது. இரண்டும் அச்சடித்த நோட்டு. ஏதாவது ஒன்றைத் திருத்தித்தான் ஆக வேண்டும். பிறந்த குழந்தையைத் திருத்த வழியில்லை.

ஏழாவது கட்டத்தில் நான் எழுதியது தவறு, பதினோரு குடும்பங்கள் அங்கே வெகுகாலமாக வசிக்கின்றன, மாற்று மனை கொடுக்காமல் வெளியேற்ற இயலாது என்று என் கையாலேயே அறிக்கை எழுதினேன். எனக்கு ஓர் எச்சரிக்கை மெமோ வந்தது. முதல் மெமோ. பத்திரமாக வைத்திருக்கிறேன்.

குழந்தையைப் பார்க்க நாயுடுவும் நானும் போனோம். எல்லம்மா வாசலில் கால் நீட்டி உட்கார்ந்து, குழந்தையைக் காலில் போட்டிருந்தார்.

"மானால பொழைச்ச புள்ளை. மான் பேரா வெச்சிடு தாயீ" என்றார் நாயுடு.

"நாகம்மான்னு வெச்சாச்சு சாமி" என்றார் எல்லம்மா. "அது எங்க ஊட்டை எடுத்துக்கப் போவுது. பேரையும் எடுத்துக்கணுமா?"

நாயுடு வெற்றிலையை மெல்வதை நிறுத்திவிட்டார்.

கருவாட்டு லாரி

மான்களும் குட்டி போட்டன. குட்டிகள் ஓடத் தொடங்கியதும் வேலை மறுபடி ஆரம்பமாயிற்று. இலாகா லாரி எந்த வேலைக்கும் கிடைக்காத வழக்கப்படி அதற்கும் கிடைக்கவில்லை. பழவேற்காட்டுக் காசிம் பாய் தன் லாரியைக் கொடுத்தார். கருவாடு ஏற்றுகிற லாரி. வேப்பிலையும் சாம்பலும் போட்டு மூன்று தரம் கழுவியும் வாசனை போகவில்லை.

"இந்த வாசனையில மான் இல்ல பாய், நானே மயக்கம் போட்டுடுவேன்" என்றார் நாயுடு.

"டாக்டர், முப்பது வருசமா இந்த வாசனையிலதான் நாஷ்டா பண்றேன். மயக்கமா போட்டேன்?" என்றார் காசிம் பாய்.

விதிமுறைப்படி முழங்கால் உயரம் வைக்கோல். கண்ணைக் கட்டிய மான்கள், தாயும் குட்டியும் சேர்த்தே. வழியில் இரண்டு இடத்தில் நிறுத்தினோம். காசிம் பாய் வண்டியைத் தாலாட்டுவது போல ஓட்டினார்.

மாற்று மனைக்கு உத்தரவு வந்தது. அதற்கு அந்த வட்டாரத்தில் காலியாக இருந்த புறம்போக்கு ஒன்றே ஒன்று. மான்கள் விட்டுப்போன வெள்ளைத்திடலின் ஓரம். ஈச்சமேட்டார் வெள்ளைத்திடலுக்கு, வெள்ளைத்திடல் மான்கள் ஈச்சமேட்டுக்கு. கோப்பில் படித்தால் கச்சிதமாக இருக்கும்.

ஆட்களை ஏற்றிப்போக வண்டி கேட்டிருந்தேன். மனிதர்களுக்கு லாரி தர விதியில்லை என்று பதில் வந்திருந்தது. கடைசி நடையில் காசிம் பாய் பின்கதவை இறக்கிவிட்டு என்னைப் பார்த்தார்.

"தம்பி, திரும்பி வரப்போ வண்டி எப்படி வரணும்னு ஆர்டர்ல போட்டிருக்குதா?"

"காலியா வரும்னு போட்டிருக்கு பாய்."

"என் கண்ணுக்குக் காலியாத்தான் தெரியுது. வைக்கோலு அப்படியே கீது. பச்சைப்புள்ளைக்காரி மொதல்ல ஏறட்டும்."

மான்கள் இறங்கி முட்காட்டு ஓரத்தில் திகைத்து நின்றன. பிரித்த ஓலையும் சட்டிகளும் வலையும் ஒரு கட்டு ஈச்சந்துடைப்பமுமாக அந்தப் பதினோரு குடும்பங்களும் இந்தப் பக்கம் நின்றன. கொஞ்ச நேரம் இரண்டு கூட்டமும் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டிருந்தன.

"இது புல்லு மானு சாமி" என்றார் கன்னியப்பன். "ஓடிப் பொழைக்கிறது. முள்ளுல உட்டுட்டீங்க. நாங்க முள்ளுல பொழைச்சவங்க."

வண்டி கிளம்பியபோது எல்லம்மா முந்தானையை எடுத்துக் குழந்தையின் கண்ணை மூடினார். புழுதிக்காகத்தான். எனக்கு வலையில் கிடந்த அந்த ஆண் மான் நினைவு வந்தது. காசிம் பாய் வழியில் இரண்டு இடத்தில் நிறுத்தினார். யாரும் அவரை நிறுத்தச் சொல்லவில்லை.

இப்போது அந்த ஈச்சமேட்டில் தொழிற்பேட்டை இருக்கிறது. போன வருஷம் ஒரு கல்யாணத்துக்குப் போகும்போது பார்த்தேன். இரும்பு உருக்குகிற ஆலை. ஈச்சையும் இல்லை, முள்ளும் இல்லை. வாயிலில் காவலாளி இருக்கிறார்.

திரும்பி வந்த ஒன்று

இடம் மாறி ஏழெட்டு மாதம் இருக்கும். அலுவலக ஜன்னலுக்கு வெளியே கன்னியப்பன் நின்றார்.

"ஒண்ணு வந்துட்டுது சாமி."

"என்ன வந்துட்டுது?"

குரலைத் தாழ்த்தினார். "மானு. குட்டியோட. ஆத்தைத் தாண்டி, ரயில் ரோட்டைத் தாண்டி நடந்தே வந்திருக்குது. நாலு நாளாவுது."

என் மேசைமேல் அந்தக் காலாண்டு அறிக்கை நிரப்பப்படாமல் இருந்தது. ஐந்தாவது கட்டம்: தப்பித்துப் பழைய இடம் திரும்பிய விலங்குகள். உண்டு என்று எழுதினால் உடனே மறுபடி பிடிக்க வேண்டும். வலை, கூட்டம், கண்கட்டு, லாரி. தாய் தாங்கினாலும் குட்டி தாங்குமா என்று நாயுடுவைக் கேட்க வேண்டியதில்லை. மிராசுகளுக்குத் தெரிந்தால் இன்னும் மோசம். மான் தொலைந்தது என்றிருந்தால் இருளர்கள் வந்து உட்கார்ந்துவிட்டார்கள் என்று அவர்கள் ஏற்கெனவே ஒரு மனு போட்டிருந்தார்கள்.

மறுநாள் காலை நாயுடுவையும் அழைத்துக்கொண்டு வெள்ளைத்திடலுக்குப் போனேன்.

குடிசைகளுக்குப் பின்னால், வயல் வரப்புக்கு இந்தப் பக்கம், அது மேய்ந்துகொண்டிருந்தது. ஒரு காதில் முள் கிழித்த தழும்பு. பக்கத்தில் குட்டி. இருளர்கள் தங்கள் நாய்கள் அத்தனையையும் கயிற்றில் கட்டிப் போட்டிருந்தார்கள். வாழ்நாளில் கயிற்றைப் பார்த்திராத நாய்கள். அவமானத்தில் படுத்துக் கிடந்தன. நாகம்மா தரையில் தவழ்ந்து வந்து என் செருப்பு வாரைப் பிடித்துக்கொண்டாள்.

"நாற்றங்காலை மேஞ்சா மிராசு சும்மா இருப்பாங்களா?" என்று எல்லம்மாவைக் கேட்டேன்.

"அந்தப் பக்கம் போவாம நாங்க ஓட்டிக்கிறோம் சாமி."

"உங்களுக்கு எதுக்கு இந்தப் பேஜாரு? உங்க வீட்டை எடுத்துக்கிட்ட மான்தானே?"

அவர் குழந்தையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டார்.

"அதுக்கு இன்னா தெரியும், பாவம். இது அதோட ஊடு. நாங்கதான் பின்னால வந்து உக்காந்துக்கினோம்."

நாயுடு குட்டியைப் பார்த்தார், நாகம்மாவைப் பார்த்தார், கண்ணாடியைக் கழற்றினார்.

அலுவலகத்துக்கு வந்து அறிக்கையை எடுத்தேன். ஐந்தாவது கட்டத்தில் 'இல்லை' என்று எழுதினேன். நாயுடு கீழே கையெழுத்துப் போட்டார். இந்தத் தடவை மேசைமேல் வைத்து.

ஆக, திருவாலங்காட்டு வாசகரே, கண்ணால் பார்த்ததை இல்லை என்று என் சர்வீஸில் இரண்டு முறை எழுதியிருக்கிறேன். முதலாவதற்கு மெமோ வந்தது. இரண்டாவதற்காகத் தலையாரி ஒரு நாள் திடலுக்குப் போய்ச் சுற்றிப் பார்த்துவிட்டு வந்தார். வயலில் மான் தடம் பார்த்ததாக யாரோ சொல்லியிருக்கிறார்கள்.

"தடம் ஏதாவது இருந்ததா?" என்று கேட்டேன்.

"ஒண்ணும் இல்லீங்க" என்றார் தலையாரி. "அந்த எல்லம்மா பொம்பளை விடிஞ்சதும் விடியாததுமா வாசலோட சேர்த்துத் திடலையே பெருக்கிக்கினு கீது. வரப்பு வரைக்கும் ஈச்சந்துடைப்பக் கோடுதான் இருக்குது."